மண்டி போடுற பஸ்

என்ன மாப்ளே, ஆட்டையாம்பட்டிக்குத் தாழ்தளப் பஸ் வேணும்னு மனு எழுதறியாமா? எழுது, எழுது. ஆனா நம்ம டவுன் பஸ் படிக்கட்டை மட்டும் குறை சொல்லிப்போடாதே. முட்டி நல்லா இருக்குதா இல்லையான்னு பைசா வாங்காம சோதிச்சுச் சொல்லுதே, எந்த டாக்டர் செய்வான்?

சந்தேகம்னா கைமுறுக்குப் பையோட வர்ற கிழவியைப் பாரு. முதல்ல பை மேல்படிக்குப் போகும். அப்புறம் சேலையைத் தூக்கிச் சொருகி, கம்பியைப் பிடிச்சு, ஒரு காலை வெச்சு, "முருகா"ன்னு ஒரு மூச்சு. மறுகால் ஏறுறதுக்குள்ள விசில். 2021லேர்ந்து பொம்பளைகளுக்கு டவுன் பஸ்ல டிக்கெட் காசு இல்லை. படிக்கு மட்டும் முட்டியில வசூல்.

இத்தனை உசரம் ஏன்னு கேளு. இன்ஜின் முன்னால, இழுக்கிற சக்கரம் பின்னால. நடுவுல தளத்துக்கு அடியில தண்டு ஓடுது. அதனால சாதா பஸ் தளம் தரையிலேர்ந்து 900 மில்லிமீட்டர், அதுக்கு மேலயும் போகும். 650ன்னா பாதித் தாழ்தளம், 400ன்னா முழுத் தாழ்தளம். 400க்கு இறக்கணும்னா இன்ஜினைப் பின்னால தள்ளணும். அதுலயும் ஒரு சிக்கனக்காரன் யோசனை உண்டு: வாசலிலேர்ந்து நடுக்கதவு வரைக்கும் தாழ்வா விட்டுட்டு, பின்சீட்டுக்காரனை மட்டும் உள்ளே படியேற வெக்கறது. பின்னச்சு அப்படியே இருந்துக்கும், செலவும் கம்மி.

நம்ம அசோக் லேலண்ட்காரன் 2013ல ஜன்பஸ்னு ஒண்ணு விட்டான். இன்ஜின் முன்னாலயே இருக்கும், ஆனா ஒரே படி, உள்ளே முழுக்கச் சமதளம். அப்படி உலகத்துலயே அதுதான் முதல்னு சொன்னான். நம்ம பக்கம் நான் பார்த்ததில்லை. நல்ல சரக்கு நம்ம ரோட்டுக்கு வழி கேட்டுக்கிட்டு வர்றதுக்குள்ள நமக்கு வயசாயிருது!

சென்னையில 2024 ஆகஸ்ட்ல தாழ்தளப் பஸ் 58 விட்டாங்க. ஜெர்மன் வங்கிக் கடன். ஸ்பிரிங் பட்டைக்குப் பதிலா காத்துப் பை. நிறுத்தத்துல டிரைவர் பொத்தானை அமுக்கினா இடப்பக்கப் பையில காத்து இறங்கி, கோயில் யானை பாகனுக்குக் காலை மடக்கற மாதிரி சாயும். சக்கர நாற்காலிக்குச் சாய்வுப் பலகையும் உண்டு.

சரி, நம்மூருக்கு வந்துருச்சுன்னே வை. எங்க மண்டி போடும்? நடுரோட்டுல! ஓரத்துலதான் உங்க பைக்கெல்லாம் வரிசை கட்டி நிக்குதே. பலகையைத் தரையில போட்டா செங்குத்தா நிக்கும். நாற்காலி ஏறாது, உருண்டுதான் வரும். வேகத்தடைங்கிற பேருல ஆளாளுக்கு வீட்டு வாசல்ல ஒரு கரடு கட்டி வெச்சிருக்கோம். பஸ்ஸு வயித்தைத் தேய்ச்சுக்கிட்டு அடுத்த வாரமே டெப்போவுல படுத்துக்கும். "தாழ்தளம் கிராமத்துக்கு ஒத்துவராது"ன்னு எழுதி, பழைய மூணு படியையே மறுபடி அனுப்புவாங்க.

அதனால மனுவைத் திருப்பி எழுது. முதல்ல, நிறுத்தத்துல ஒரு சாண் உசரத்துக்குத் திட்டு. ரெண்டாவது, கரட்டையெல்லாம் விதிப்படி சீவறது. மூணாவதுதான் பஸ். 400 கிடைக்கலையா, 650 கேளு; ஒரு படி குறைஞ்சாலும் கிழவி கும்பிடும். எழுதிட்டு, நிறுத்தத்துல நிக்கிற உன் பைக்கை எடுத்துட்டு வா. முதல் கையெழுத்து நான் போடறேன்.