சிறுதேர் கழித்தல்: உடவளவை முறை பற்றிய ஓர் ஆராய்ச்சி

பிள்ளைத்தமிழ் பாடியவர்கள் நமக்கு ஒரு பெருங்குறை வைத்துவிட்டுப் போனார்கள். ஆண்பாற் பிள்ளைத்தமிழின் பத்துப் பருவங்களில் கடைசி மூன்று சிற்றில், சிறுபறை, சிறுதேர். மூன்றும் விளையாட்டு. பறையை முழக்கித் தேரை உருட்டிய பிள்ளை அவற்றை எங்கே எடுத்து வைத்தது என்று ஒரு புலவரும் பாடவில்லை. பதினோராவதாக ‘ஒதுக்கற் பருவம்’ ஒன்று இருந்திருந்தால், எம்பிலிப்பிட்டியவில் எங்கள் வீட்டில் இந்த ஆய்வுக்கே தேவை வந்திராது.

பட்டினப்பாலையில், காயவைத்த தானியத்துக்கு வந்த கோழியை விரட்ட மகளிர் எறிந்த பொற்குழை, சிறுவரின் முக்காற் சிறுதேரை மறித்துக் கிடக்கிறது. அதாவது காவிரிப்பூம்பட்டினத்தில் பெரியவர் நகை பிள்ளை வண்டிக்கு இடைஞ்சல். எங்கள் வீட்டு வாசலில் நிலைமை தலைகீழ். மூன்று சக்கரம் என்பதில் மட்டும் மாற்றமில்லை. நான்காவது கட்டிலுக்கடியில் இருக்கிறது என்பது மகனின் கொள்கை.

பழைய விளையாட்டுச் சாமானைக் கழிக்கலாமா என்று கேட்ட கணமே அதன் மதிப்பு ஏறிவிடுகிறது. ஆய்வாளர்கள் கானமன், நெட்ச், தேலர் மூவரும் 1990இல் வெளியிட்ட சோதனையில், கோப்பை கையில் கிடைத்தவர்கள் கேட்ட விலை, வாங்க வந்தவர்கள் தர இசைந்ததைப்போல இருமடங்குக்கும் மேல். அவர்கள் வளர்ந்தவர்கள், பொருளும் வெறும் கோப்பை. கையில்லாத பொம்மைக்கு என் மகள் இருமடங்கில் இறங்கி வரமாட்டாள்.

அமெரிக்காவின் டொலிடோ பல்கலைக்கழகத்தார் 36 குழந்தைகளை வைத்து நடத்தி 2018இல் வெளியிட்ட ஆய்வின்படி, 16 விளையாட்டுச் சாமான்களோடு விட்டபோதைவிட 4 சாமான்களோடு விட்டபோது குழந்தைகள் ஒவ்வொன்றோடும் அதிக நேரம் விளையாடினார்கள். இதை வீட்டில் எடுத்துரைத்தேன். “அப்ப அந்த நாலு யாருது அப்பா, எனக்கா தம்பிக்கா?” என்றாள் மகள். டொலிடோவில் இந்தக் கேள்வி எழவேயில்லை.

எனவே உள்ளூர் முறையொன்றை நாடினோம். பக்கத்திலே உடவளவையில் 1995 முதல் யானைக்குட்டிகளுக்கான இடைத்தங்கல் நிலையம் இயங்குகிறது. தாயை இழந்த குட்டிகளைப் பாலூட்டி வளர்த்து, தாமாகப் பிழைக்கும் பருவம் வந்ததும் காட்டில் விடுகிறார்கள். பார்வையாளர் தள்ளி நின்றுதான் பார்க்க வேண்டும். அதன்படி உரச்சாக்கு ஒன்றை நிலையமாக அறிவித்து, சந்தேகத்துக்குரிய சாமான்களைப் பிள்ளைகளோடு சேர்ந்தே உள்ளே போட்டோம். யாரும் தேடாதவை அடுத்த வீட்டுப் பிள்ளைகளுக்கு. உடைந்தவை போத்தல், பழைய இரும்பு வாங்க வருபவருக்கு.

முறையில் பிழையில்லை. ஆனால் பிள்ளைகள் பாலூட்டும் நேரத்தையும் சேர்த்தே அமல்படுத்தினார்கள். சாக்கின் வாயைக் கட்டவே முடியவில்லை. என் பழைய ரேடியோவையும் அநாதை என்று உள்ளே தள்ளிவிட்டார்கள். அதை மீட்டேன், அது திருத்தினால் பாடும்.

சாமான் உள்ளே வரும் வழியை அடைக்காமல் வெளியே அனுப்பிப் பயனில்லை என்பதே ஆய்வின் தீர்ப்பு. ஆகவே பிறந்தநாளுக்கு வரும் உறவினர்கள் வாழைப்பழம் வாங்கி வாருங்கள், இந்தப் பக்கம் அதற்குப் பஞ்சமில்லை. தயிர்ச்சட்டி வேண்டாம், தயிர் தீர்ந்தாலும் சட்டி மிஞ்சும்.