மொகடிஷுவில் சல்மான் கான்

கே: சோமாலியாவில் இந்திப் படமா? அங்கே கடற்கொள்ளைக்காரர்கள்தானே இருக்கிறார்கள்?

ப: அது நீங்கள் பார்த்த ஹாலிவுட் படம். அவர்கள் பார்ப்பது பாலிவுட் படம். 1991-ல் உள்நாட்டுப் போர் தலைநகரைச் சூறையாடும்வரை மொகடிஷு தியேட்டர்களில் இந்திப் படங்கள் சக்கைப்போடு போட்டன. அப்புறம் தியேட்டர் போச்சு, ரசிகர்கள் போகவில்லை. கேசட், சிடி, இப்போது செல்போனில் சோமாலி டப்பிங்.

கே: அடியில் எழுத்துப் போட்டால் போதாதா? டப்பிங் எதற்கு?

ப: சோமாலி மொழிக்கு அரசு எழுத்து வகுத்ததே 1972-ல்தான், அதுவும் லத்தீன் எழுத்து. அதற்காக இளக்காரமாக நினைத்துவிடாதீர்கள். 'கபய்' என்கிற அவர்களது செய்யுளில் நூறு வரி பாடினாலும் வரிக்கு வரி ஒரே எழுத்தில் மோனை விழவேண்டும். நம் வெண்பாப் புலவர்களுக்கே வியர்க்கும். சர்வாதிகாரி சியாத் பாரே காலத்தில் அரசியல் கவிதைகள் கேசட்டில் பதிவாகி ஊர் ஊராகச் சுற்றின. காதாலேயே வளர்ந்த ஜனங்கள் அவர்கள். கதாநாயகன் சும்மா சண்டை போட்டால் போதாது, சோமாலியில் நாலு வார்த்தை நறுக்கென்று பேசியாக வேண்டும்.

கே: அப்படி என்னதான் பிடித்துப்போனது?

ப: காதல், குறுக்கே குடும்பம், மானப் பிரச்சினை, கடைசியில் பெரியவர்கள் சம்மதம். குலம் கோத்திரம் பார்த்துப் பெண் கொடுக்கிற ஊரில் இதை யாராவது விளக்கவேண்டுமா?

கே: தடை ஒன்றும் இல்லையா?

ப: இல்லாமலா? 2006-ல் இஸ்லாமிய நீதிமன்றங்களின் ஒன்றியம் என்கிற ஆயுத அமைப்பு மொகடிஷுவைப் பிடித்தபோது வீடியோ கொட்டகைகளுக்குப் பூட்டு விழுந்தது. உலகக் கோப்பைக் கால்பந்தும் தப்பவில்லை.

கே: நம்ம விஜய், அல்லு அர்ஜுன் எல்லாம் அங்கே போகிறார்களா?

ப: போகிறார்கள், சுற்றுவழியில். முதலில் இந்திக்கு, அங்கிருந்து சோமாலிக்கு. போய்ச் சேர்ந்ததும் எல்லாருமே 'இந்தி' நடிகர்கள்தான். இந்தி எதிர்ப்புக் குழுவை மொகடிஷுவுக்கு அனுப்பலாம் என்றால் விமானச் செலவு யார் தருவது?

கே: இப்போதாவது தியேட்டருக்குப் போகிறார்களா?

ப: சீனா கட்டிக் கொடுத்த தேசிய தியேட்டர் 2012 மார்ச்சில் மறுபடி திறந்தது, ஏப்ரலிலேயே தற்கொலைத் தாக்குதல். 2021 செப்டம்பரில்தான், முப்பது வருஷம் கழித்து, அங்கே திரையில் படம் ஓடியது. இந்திப் படம் அல்ல, சோமாலி இயக்குநரின் இரண்டு குறும்படங்கள். டிக்கெட் 10 டாலர். அந்த ஊர் வருமானத்துக்கு அது பெருந்தொகை. அதனால் ஷாருக் கான் இன்னும் செல்போனிலேயே சோமாலி பேசிக்கொண்டிருக்கிறார்.