மறக்காத ஊர்

ஞாபகசக்தியில் எங்க மதுரைக்காரர்களை அடிச்சுக்க ஆளில்லை.

அத்தையையே எடுத்துக்கொள்ளுங்கள். மூன்று வயதில் எனக்குத் தைத்த பட்டுப்பாவாடை என்ன கலர், என் சடங்குக்கு யார் எவ்வளவு செய்முறை செய்தார்கள், தாய்மாமன் போட்டது எத்தனை பவுன், எல்லாம் விரல்நுனியில் வைத்திருக்கிறார். நான் வைத்துக்கொண்ட பெயர் மட்டும் நாலு வருஷமாக அவர் வாயில் வரவில்லை. வாசலில் என்னைப் பார்த்ததும் "வாத்தா" என்பார். பின்னால் வரும் தம்பியைப் பார்த்து "வாய்யா" என்பார். இரண்டிலும் பாசம் ஒன்றுதான். அதை நான் ஒருநாளும் சந்தேகப்பட்டதில்லை. என் தாடியைத் தடவிக்கொண்டே, ஒருதடவைகூடத் தவறாமல் "வாத்தா" சொல்வதற்கு எவ்வளவு கவனம் வேண்டும்!

ஹவுஸ் ஓனரும் லேசுப்பட்டவர் இல்லை. காலையில் அட்வான்ஸ் வாங்கியவர், சாயங்காலத்துக்குள் நான் படித்த பெண்கள் பள்ளிக்கூடம்வரை விசாரித்துவிட்டார். மறுநாளே பணம் முழுசாகத் திரும்பி வந்தது. பத்துப் பைசா பிடிக்கவில்லை. கைசுத்தமான மனுஷர்.

பெற்ற மகள்களையும் இந்த ஊர் அப்படியே விட்டுவிடாது. ஒருவரையொருவர் நேசித்த இரண்டு மதுரைப் பெண்கள் சென்னைக்குப் போனபோது, பெற்றோர் போலீஸ்வரை போய்த் தேடினார்கள். பாதுகாப்புக் கேட்டு அந்தப் பெண்கள் ஹைகோர்ட்டுக்குப் போக, 2021 ஜூன் 7-ல் நீதிபதி ஆனந்த் வெங்கடேஷ் உத்தரவு போட்டார். அந்த வழக்கின் தொடர்ச்சியாகத்தான் 2022 ஆகஸ்டில் தமிழக அரசு எங்களை மரியாதையாகக் குறிப்பிடுவதற்கான சொற்களை அரசிதழில் வெளியிட்டது. நான் திருநம்பி என்று தலைநிமிர்ந்து சொல்லிக்கொள்வதில் அந்தப் பெற்றோரின் விடாமுயற்சிக்கும் பங்கு உண்டு.

மலயத்துவச பாண்டியன் தன் மகள் தடாதகையை மகன்போல வளர்த்து, போர்க்கலை கற்றுக்கொடுத்த கதை இங்கே குழந்தைக்கும் தெரியும். சித்திரைக்குச் சித்திரை அவளுக்குப் பட்டாபிஷேகம் செய்து, செங்கோல் கொடுத்து, ஆவணிவரை அவள் ஆட்சி என்று அடங்கி நடக்கிற ஊர் இது.

போன சித்திரையில் அத்தை என்னைக் கோயிலுக்குக் கூட்டிப்போனார். வெள்ளியம்பலத்தில் வலது காலைத் தூக்கி ஆடும் நடராஜர் முன்னால் நின்று, சின்ன வயதில் சொன்ன கதையை வரி பிசகாமல் மறுபடி சொன்னார். "ஒத்தக் கால்லயே எம்புட்டு நேரந்தான் ஆடுவாரு? வலிக்கும்ல. பாண்டியன் பார்த்துட்டு மாத்தி ஆடுங்கய்யான்னு அழுதான். உடனே மாத்திக்கிட்டாரு."

கண் கலங்கிக் கும்பிட்டார். என் நெற்றியில் திருநீறு பூசிவிட்டு, கண்ணில் விழாமல் கையால் மறைத்து ஊதினார்.

"வாத்தா, நேரமாச்சு" என்றார்.