புத்து கரையானோடது, அனுபவம் பாம்போடது

வா மருமவனே, வா. உன் முகத்துல இம்புட்டு வெளிச்சத்த உன் கல்யாணத்தன்னைக்குக்கூட நான் பாக்கல. கேஸ் ஜெயிச்சிட்டியாமே! டிகிரி கையில வந்திருச்சாமே! சேக்காளிகளுக்கெல்லாம் பிரியாணி வாங்கிப் போட்டியாம். மாமனுக்கு ஒரு பொட்டலம் வரல, அது கெடக்கட்டும். பதினாலு வருசம் வாய்தா வாய்தான்னு சங்கரன்கோவில் கோர்ட்டு வாசல்ல செருப்பு தேச்சதுக்கு நல்ல பலன். உக்காரு, மோரக் குடி. இனிமேத்தானே கேஸே ஆரம்பிக்கப் போவுது.

சிரிக்காத. நானா சொல்லுதேன்? 1872-லயே லண்டன் பிரிவி கவுன்சில் ஜட்ஜுமாரு சொல்லிட்டுப் போயிட்டாங்க, இந்தியாவுல கேஸ்காரனுக்குக் கஷ்டம் தொடங்குததே டிகிரி கைக்கு வந்த பொறவுதான்னு. அது தர்பங்கா ராஜா எஸ்டேட்டு சம்பந்தப்பட்ட வழக்கு. ராஜா வீட்டு வழக்குக்கே அந்தக் கதி. உனக்கு மூணு ஏக்கர் எழுவது சென்ட்டு.

இப்ப என்ன செய்வ? நெறவேத்து மனு போடுவ. அதுக்குப் பன்னெண்டு வருசம் டயம் இருக்கு, அதனால அவசரப்படாம தூங்குதவனும் உண்டு. நீ அப்பிடி இல்ல, நாளைக்கே போடுவ. அமீனா வாரண்டத் தூக்கிக்கிட்டு வருவாரு. சர்வேயர் சங்கிலி பிடிப்பாரு. நீயும் மாலையெல்லாம் வாங்கிக்கிட்டுப் போவ. அங்க போனா, வேப்பமரத்தடியில கயித்துக் கட்டில் போட்டு ஒருத்தன் படுத்துக் கெடப்பான். உன் எதிராளி இல்ல, அவன் தோத்த அன்னைக்கே திருப்பூருக்குப் போயிட்டான். இவன் யாருன்னு உனக்கே தெரியாது. பக்கத்துல நாலு கோழி, ஒரு அடுப்பு.

“ஐயா, எனக்கும் அந்தக் கேசுக்கும் சம்பந்தமே இல்ல. டிகிரியில என் பேரு இருக்கான்னு பாத்துக்கிடுங்க”ம்பான். பாத்தா நெசமாவே இருக்காது. பேரு இல்லாததுதாம்லே அவன் பலம்! உன் தீர்ப்பு தோத்தவனக் கட்டும், அவங்கிட்டருந்து வந்தவனக் கட்டும். தனக்குன்னு தனி உரிமை இருக்குங்குதவன அப்பிடியே தூக்கி வெளிய போட முடியாது. அமீனா தலையச் சொறிஞ்சிக்கிட்டு ‘ஆட்சேபணை’ன்னு எழுதிக்கிட்டுப் போயிருவாரு. உன் மாலைய அந்தக் கோழி கொத்தும்.

நம்ம ஊருல இது புதுசா? கரையான் புத்தெடுக்கும், பாம்பு குடியேறும். அந்தப் புத்து மண்ணத்தான நெத்தியில பூசுதோம்! பாம்பு ராசாக்க சங்கனும் பதுமனும் சிவனா பெருமாளா பெருசுன்னு மல்லுக்கட்டுனப்ப, கோமதியம்மா தபசிருந்து, சாமி சரிபாதியா சங்கரநாராயணராக் காட்சி கொடுத்து வழக்கு முடிஞ்சிது. நல்லவேளை, நடுவுல ஒருத்தன் வந்து ‘இடுப்புக்குக் கீழ எனக்கு ஒத்தி இருக்கு’ன்னு மனுப் போடல. போட்டிருந்தா ஆடித்தபசு இன்னமும் வாய்தாவுலதான் நின்னுருக்கும்.

அந்தக் கட்டில்காரன ரொம்பத் திட்டாத. வாலிபத்துல நானே படுத்திருக்கேன். எந்த ஊரு, யாருக்காகன்னு கேக்காத. வருசத்துக்கு ஒரு மூட்ட உளுந்து கூலி. நிலத்த எனக்கு வாரத்துக்கு விட்டதாச் சீட்டு ஒண்ணு எழுதி, டீத்தண்ணியில முக்கி, அரிசிப் பானையில பத்து நாள் வச்சு எடுத்தாங்க. தாத்தா காலத்துச் சீட்டு மாதிரியே மணத்துது. அதுல நான் பொறக்குததுக்கு முன்னாலயே கைநாட்டு வச்சிருந்தேன், அதத்தான் வக்கீல் கடைசியில கண்டுபிடிச்சாரு. அதுக்குள்ள ஆறு வெள்ளாமை எடுத்தாச்சு.

சட்டம் இதுக்கு வழி சொல்லலையான்னு கேப்ப. ஜோராச் சொல்லியிருக்கு. ஆர்டர் 21, ரூல் 97. ஒருத்தன் மறிச்சா, மறிச்ச நாள்லருந்து முப்பது நாளைக்குள்ள மனுப் போடு. முன்னால எல்லாம் ஒரு மேலோட்ட விசாரணை, அப்புறம் தோத்தவன் தனியா ஒரு புதுக் கேஸ் போடணும். 1977 பிப்ரவரி 1-லருந்து மாத்திட்டாங்க. தனிக் கேஸ் கெடையாது. யாரு நிலம், யாருக்கு என்ன பாத்தியதைங்குத அம்புட்டையும் நெறவேத்துத கோர்ட்டே தீக்கணும். கேஸ் நடக்கும்போதே எதிராளிகிட்ட வாங்குனவனுக்கு ரூல் 102 வாயப் பொத்திரும். தோத்தவனோ அவன் ஏவுன ஆளோ நியாயமில்லாம திரும்பவும் மறிச்சா, சிவில் ஜெயிலு முப்பது நாள் வரைக்கும். பந்தியெல்லாம் ஒழுங்காத்தான் போட்டிருக்கு மருமவனே. ஆனா அங்க வார உத்தரவும் டிகிரி கணக்குத்தான், அது மேல அப்பீல் உண்டு. எல போட்டுத் தண்ணி தெளிச்சதோட பந்தி நிக்கும்.

அதுக்காக, மறிக்கவன் எல்லாம் என்ன மாதிரின்னும் நெனச்சிராத. நெசமாவே நாலு பக்கமும் வேலி போட்டு முப்பது வருசமா உழுத பொம்பள ஒருத்தி இருப்பா. அவளுக்குத் தெரியாமயே ரெண்டு பேரு அவ நிலத்துக்குக் கேஸ் நடத்தி, ஒருத்தன் ஜெயிச்சிட்டு வந்து நிப்பான். அவ எங்க போவா? முதல்ல வெளிய வந்து நின்னு அப்புறமாக் கேளுன்னு சொல்லக் கூடாது, வெளிய தள்ளுததுக்கு முன்னாலயே அவ சொல்லுதத விசாரிச்சாகணும்னு சுப்ரீம் கோர்ட்டு 1997-லயே சொல்லிட்டு. தள்ளிட்டாங்கன்னாலும் முப்பது நாளைக்குள்ள ரூல் 99-ல மனுப் போடலாம். அவளுக்கு வச்ச தொறப்புலதான் நாங்களும் நொழஞ்சோம். தொறப்ப அடைக்கவும் முடியாது, எங்கள மாதிரி ஆளு நொழயாம இருக்கவும் மாட்டான். கோர்ட்டு வெரசாப் பாத்து முடிச்சா பொய்க்காரனுக்கு வெள்ளாமை கெடைக்காது, அம்புட்டுத்தான்.

தமிழ்நாட்டுக் கேஸ் ஒண்ணு டெல்லி வரைக்கும் போச்சு. 1980-ல போட்ட கிரய ஒப்பந்தம். டிகிரியெல்லாம் வாங்கின பொறவு, நாங்கதான் சாகுபடிக் குத்தகைதாரங்கன்னு சிலபேரு வந்து நின்னாங்க. 2025 மார்ச் 6-ல நீதிபதிகள் பர்திவாலாவும் மகாதேவனும், ‘போதும், சுவாதீனத்தக் குடு’ன்னு முடிச்சாங்க. ஒப்பந்தம் போட்ட வருசம் பொறந்த பிள்ளைக்குப் பேரன் பேத்தி எடுக்குத வயசு நெருங்கியாச்சு. அதே தீர்ப்புல, நெறவேத்து மனுக்கள ஆறு மாசத்துல முடிங்கன்னு நாட்டுல உள்ள ஐகோர்ட்டுக்கெல்லாம் உத்தரவு. ஆறு மாசங்குத பேச்சு 2021-லயே சொன்னதுதான். அந்த வருசம் அக்டோபர்ல கணக்கு வந்துது. மூணு லட்சத்துக்கு மேல முடிச்சிருக்காங்க, அதக் கொறை சொல்லக் கூடாது. அப்ப நாடு முழுக்க நின்னது 8 லட்சத்து 82 ஆயிரத்துக்கும் மேல. தமிழ்நாட்டுப் பங்கு 86 ஆயிரத்துச் சொச்சம். உன் மனு அதுக்குப் பின்னால போயி நிக்கணும். துண்டப் போட்டு எடம் பிடிச்சுக்கோ.

கேஸ் போட்ட அன்னைக்கே நீ எங்கிட்டக் கேட்டிருக்கணும். நிலத்துல யாரு யாரு கெடக்கான்னு கமிஷனரக் கூட்டிட்டுப் போயி எழுதி வாங்கியிருக்கணும். வருசா வருசம் அடங்கல் எடுத்துப் பாத்திருக்கணும். பாத்தியதை பேசுதவனையெல்லாம் அப்பவே கேசுக்குள்ள இழுத்துப் போட்டிருக்கணும். ‘நமக்கு எதிரி ஒருத்தன்தான்’னு நீ இருந்துட்ட. உங்க அம்மையும் அப்பிடித்தான், வெள்ளந்தி. எந்தங்கச்சிதான, எனக்குத் தெரியாதா?

மோரு புளிக்குதா? சரி, வை. கெளம்புததுக்கு முன்னால ஒண்ணு. உன் வடக்குப் பொழியோரம் வேலிக்கு உள்பக்கமா ரெண்டு வெள்ளாடு கட்டிக் கெடக்கும், பாத்திருப்ப. ஒரு ஓலைச் சாப்பும் இருக்கும். அது பதினோரு வருசமாக் கெடக்கு, நம்ம ஊரு தலையாரிக்கும் தெரியும். என்னதுதான். முழிக்காத மருமவனே, மாமன் அப்பிடியெல்லாம் செய்வேனா? பிரியாணி ஒரு பொட்டலம், கூட ஒரு பிளேட்டு சுக்கா வந்திச்சுன்னா, பொழுது சாய ஆட்ட அவுத்துக்கிட்டு வந்திருதேன்.