சாலையைக் கடந்தால் குற்றவாளி

அமெரிக்காவில் டெக்சர்கானா என்றொரு ஊர். பாதி டெக்சாஸுக்கு, பாதி ஆர்கன்சாவுக்கு. நடுவில் ஓடும் சாலைக்குப் பெயரே ஸ்டேட் லைன் அவென்யூ. மத்திய அரசின் நீதிமன்றமும் தபால் நிலையமும் இருக்கும் கட்டடம் அந்தக் கோட்டின் மேலேயே உட்கார்ந்திருக்கிறது. கட்டடத்தை யாரும் ஒன்றும் கேட்பதில்லை. இந்தப் பக்கம் இருபது வருஷம் முடிவெட்டிச் சாயம் பூசிய பெண்மணி, அந்தப் பக்கத்து லைசென்ஸ் வாங்காமல் கத்தரிக்கோலை எடுத்தால்தான் பொதுமக்களுக்கு ஆபத்து! அதே அம்மாளின் டிரைவிங் லைசென்ஸ் மட்டும் எந்த மாநில நெடுஞ்சாலையிலும் செல்லும். காரில் அடிபட்டுச் செத்தால் பரவாயில்லை, கிராப்பு கோணலாகிவிடக் கூடாது.

லைசென்ஸை மாற்றுவது எப்படி? பழைய மாநிலத்தில் லைசென்ஸ் கொடுத்த போர்டு புதிய மாநிலத்தின் போர்டுக்கு நேராகச் சான்று அனுப்ப வேண்டும். பல இடங்களில் அந்தக் காகிதம் அந்த அம்மாள் கை பட்டு வந்தால் தீட்டு. அதற்கொரு கட்டணம், விண்ணப்பத்துக்கு இன்னொன்று. பள்ளியில் உட்கார்ந்த மணிக்கணக்கையும் கேட்பார்கள். பள்ளியே இல்லாமல் போயிருந்தால்? மாரினெல்லோ என்ற அழகுக்கலைப் பள்ளி நிறுவனம் 2016-இல் தன் ஐம்பதுக்கும் மேற்பட்ட கிளைகளை ஒரேயடியாக இழுத்துப் பூட்டியது. காகிதம் தேடி அலைவது படித்தவர்கள் பாடு.

அந்த மணிக்கணக்கு இருக்கிறதே, அதுதான் கூத்து. லைசென்ஸ் வாங்க நியூயார்க்கில் 1000 மணி நேரப் பயிற்சி. அயோவாவில் 2023 வரை 2100. அயோவாக்காரர் தலையில் மட்டும் இரண்டு மடங்கு சிக்கா? ஆம்புலன்ஸில் ஏறி உயிரைப் பிடித்து வைக்கும் அடிப்படைப் பயிற்சியே ஏறக்குறைய 150 மணி நேரத்தில் முடிந்துவிடுகிறது.

மணி கூடினால் பீஸ் கூடும். மாணவி கடன் வாங்கிப் பீஸ் கட்டுகிறாள். 'பயிற்சி' என்று வாடிக்கையாளருக்கு முடிவெட்டுகிறாள். அந்தக் காசும் பள்ளிக் கல்லாவில்தான் விழுகிறது. கறக்கப்படுவது அவள், பாதுகாக்கப்படுவது பொதுமக்களாம்! விதி போடும் போர்டுகளில் உட்கார்ந்திருப்பவர்களில் பலர் இதே தொழில்காரர்கள். புதிதாக ஒருத்தி கடை திறப்பதில் இவர்களுக்கு என்ன அவசரம்?

நம்மூர்த் தெருமுனை பார்லரில் ஐந்து நிமிஷத்தில் முடிகிற புருவ த்ரெட்டிங்குக்கு, ஒரு முழம் நூலைப் பிடிக்க, டெக்சாஸ் 750 மணி நேரப் பயிற்சி கேட்டது. அதில் 320 மணி நேரம் வரை அந்த வேலைக்குச் சம்பந்தமே இல்லாதது என்று கண்டு, 2015-இல் அம்மாநில உச்ச நீதிமன்றம் அதைத் தூக்கி எறிந்தது.

ராணுவ வீரரின் மனைவியோ கணவரோ, வீரருக்கு வந்த இடமாற்ற உத்தரவால் வேறு மாநிலம் போனால் பழைய லைசென்ஸே செல்லும் என்று 2023 ஜனவரியில் மத்தியச் சட்டம் வந்தது. நல்ல காரியம். ஆனால் இத்தனை காலம் பூச்சாண்டி காட்டிய 'பொதுமக்கள் பாதுகாப்பு' அன்றைக்கு எங்கே போயிற்று? சிப்பாயைக் கட்டிக்கொண்டதும் கத்தரிக்கோலுக்குப் புத்தி வந்துவிட்டதா? லாரி டிரைவரின் மனைவி வெட்டினால் மட்டும் காது அறுந்துவிடுமா? போர்டு பதில் சொல்லட்டும். அதற்கும் கட்டணம் உண்டென்றால் ரசீதோடு சொல்லட்டும்.