மூன்று நொடி மகாராஜா

சோபாவில் சாய்ந்தபடியே நான் எத்தனையோ குவார்ட்டர்பேக்குகளைத் திருத்தப் பார்த்திருக்கிறேன். "எறிடா, எறிஞ்சு தொலைடா!" என்று நான் போடும் கூச்சல் தெருமுனைவரை கேட்கும், டிவிக்குள் இருப்பவருக்கு மட்டும் கேட்காது. அமெரிக்காவுக்குக் குடிவந்தபின், கிரிக்கெட் இல்லாத ஞாயிற்றுக்கிழமைகளை ஓட்டுவதற்காகப் பிடித்துக்கொண்ட அமெரிக்க ஃபுட்பால் பழக்கம் இது. பார்க்கப் பார்க்க ஒன்று உறைத்தது. இக்கட்டில் மாட்டிக்கொண்ட மனுஷனுக்கு அந்த ஆட்டத்தின் விதிப்புத்தகம் காட்டும் இரக்கத்தில் கால்வாசிகூட குடும்பஸ்தனுக்குக் கிடைப்பதில்லை.

குவார்ட்டர்பேக்கின் வேலை சொல்வதற்கு எளிது. நான்கு வாய்ப்புக்குள் அணி 10 யார்டு முன்னேற வேண்டும். பந்து கைக்கு வந்ததும் நாலு எட்டு பின்வாங்கி, முன்னால் ஓடும் கூட்டாளிகளில் எவன் காலியாக இருக்கிறான் என்று பார்த்து எறிய வேண்டும். ஐந்து தடியர்கள் அரண் கட்டி நிற்பார்கள். அதற்குள் அவர்தான் மகாராஜா. ஆட்சிக்காலம் மூன்று நொடி போல இருக்கும். அதற்குள் முடிவெடுக்காவிட்டால் எதிரணிக்காரர் வந்து அப்படியே அமுக்கிவிடுவார். அதற்கு 'சேக்' என்று பெயர். 2002இல் புதிதாகக் களமிறங்கிய ஹூஸ்டன் டெக்ஸன்ஸ் அணியின் டேவிட் கார், அந்த ஒரே சீசனில் 76 முறை அமுக்கப்பட்டார். இன்றுவரை யாரும் முறியடிக்காத சாதனை. முறியடிக்க யாரும் ஆசைப்பட்டதாகவும் தெரியவில்லை.

"ராத்திரிக்கு என்ன பண்ணட்டும்?" என்று சமையலறையிலிருந்து கேள்வி புறப்பட்டால் எனக்கும் அதே மூன்று நொடிதான். அரண் கட்டத்தான் ஆளில்லை. ஒரே பையன், அவனும் எதிரணி.

நெருக்கடிக்குப் பயந்து, பிடிக்க ஆளே இல்லாத இடத்தில் பந்தைப் போட்டால் குற்றம். 10 யார்டு பின்னால் போக வேண்டும்; அந்த வாய்ப்பும் காலி. என் வழக்கமான பதிலான "உனக்கு எது சௌகரியமோ அதைப் பண்ணும்மா" இந்த ரகம்தான். கேட்பதற்குப் பெருந்தன்மைபோல இருக்கும்; பிடித்துக்கொள்ள அதில் ஒன்றுமே இருக்காது. அங்கே ரெஃப்ரி மஞ்சள் கொடியை வீசுவார். இங்கே பாத்திரம் வைக்கும் சத்தத்திலேயே தீர்ப்பு தெரிந்துவிடும்.

ஆனால் அந்த விதியில் ஒரு சந்து உண்டு. குவார்ட்டர்பேக் அரணை விட்டுப் பக்கவாட்டில் ஓடி வெளியே வந்துவிட்டால், ஆட்டம் தொடங்கிய கோட்டளவுக்குப் பந்து போனால் போதும். மைதானத்துக்கு வெளியே எறிந்தாலும் குற்றமில்லை. இந்தச் சலுகையை நம்பி, குப்பையைக் கொட்டும் சாக்கில் கராஜ் வரைக்கும் போய் நின்று அதே பதிலைச் சொல்லிப் பார்த்தேன். செல்லவில்லை.

இன்னொரு சலுகை, சறுக்குவது. பந்தோடு ஓடும்போது காலை முன்னால் நீட்டித் தரையில் சறுக்கிவிட்டால், 'சரணம்' என்று அர்த்தம். ஆட்டம் அங்கேயே நிற்கும். அதற்குமேல் யாரும் அவர்மீது மோதக் கூடாது. நானும் காலை நீட்டிப் படுத்துப் பார்த்திருக்கிறேன். மோதலே அதனால்தான் ஆரம்பமாகிறது.

பந்தை எறிந்து முடித்தவரைச் சாவகாசமாக வந்து இடித்தால் 15 யார்டு அபராதம், எறிந்தவரின் அணிக்குப் புதிதாக நான்கு வாய்ப்பு. எங்கள் வீட்டில் நான் பதில் சொல்லி முடித்த பிறகுதான் இடியே இறங்கும். "உப்புமாவா? போன தடவை நான் உப்புமா பண்ணினப்போ உங்கம்மா என்ன சொன்னாங்க தெரியுமா?" அபராதம் விதிக்க ஆளில்லை.

எல்லாவற்றையும்விட என்னை ஏங்க வைப்பது அந்த ஹெல்மெட். 1994 முதல் அதற்குள் ஒரு ஸ்பீக்கர் வைக்க அனுமதி உண்டு. பயிற்சியாளர் காதுக்குள்ளேயே உத்தரவு போடுவார். ஆனால் ஒவ்வொரு வாய்ப்புக்கும் ஓடும் கடிகாரத்தில் 15 நொடி மிச்சமிருக்கும்போது இணைப்பு தானாகத் துண்டிக்கப்பட்டுவிடும். அதற்குமேல் அவர் பாடு, பந்து பாடு. காரை கராஜிலிருந்து ரிவர்ஸ் எடுக்கும்போதாவது இப்படி ஒரு வசதி வேண்டுமென்று நான் கேட்காத தெய்வமில்லை.

இத்தனை சலுகை இருந்தும் சறுக்கியவர்கள் உண்டு. 2008 அக்டோபரில் மினசோட்டா வைக்கிங்ஸ் அணியோடு மோதியது டெட்ராய்ட் லயன்ஸ். துரத்தி வந்த ஜாரெட் ஆலனிடமிருந்து தப்ப, லயன்ஸ் குவார்ட்டர்பேக் டேன் ஒர்லோவ்ஸ்கி தன் கோடிப் பகுதிக்குள்ளேயே பக்கவாட்டில் ஓடினார். பின்கோட்டை மிதித்து மைதானத்துக்கு வெளியே போனதுகூடத் தெரியாமல் ஓடிக்கொண்டே இருந்தார். விசில் ஊதிய பிறகுதான் விஷயமே தெரிந்தது. வைக்கிங்ஸுக்கு 2 புள்ளி. ஆட்டம் 12–10 என்று முடிந்தது. தோற்றதும் சரியாக அந்த 2 புள்ளியில். அந்த சீசனில் லயன்ஸ் ஆடிய 16 ஆட்டமும் தோல்வி.

யூடியூபில் அந்த ஓட்டத்தைத் திரும்பத் திரும்பப் போட்டு, "என்ன ஆளுய்யா இவன், விசில் ஊதினாத்தான் தெரியுமா?" என்று வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தேன். பின்னாலிருந்து குரல் வந்தது.

"அவருக்கு விசில் ஊதினதும் தெரிஞ்சுதுங்க. மூணு விசிலுக்கு அணைக்கச் சொல்லிட்டுக் குளிக்கப் போனேன். இது எத்தனாவது?"