கட்டைவிரல் கணக்கு

இந்தக் கட்டுரையாளருக்கு மூன்று மாதமாக மூச்சு வாங்கியது. வீட்டிலிருந்து காய்கறிக் கடை ஒன்றரைக் கிலோமீட்டர். சைக்கிளில் போய்ச் சேருவதற்குள் நாக்குத் தள்ளிவிடும். 58 வயதாகிறது, இதயம் ஏதோ சொல்லப் பார்க்கிறது என்று முடிவுகட்டி உப்பைக் குறைத்தார், ஊறுகாயைத் துறந்தார், ஈசிஜி எடுத்தார். ஈசிஜியில் ஒரு குறையும் இல்லை. அவருக்கு அது கொஞ்சம் ஏமாற்றமாகக்கூட இருந்தது. திரும்பி வரும் வழியில் முக்குப் பஞ்சர் கடைக்காரர் கைகாட்டி நிறுத்தி, பின் டயரைக் கட்டைவிரலால் ஓர் அமுக்கு அமுக்கினார்.

"என்ன சார், ரிம்முலயே ஓட்டிக்கிட்டு வர்றீங்க? காத்தே இல்லியே!"

இரண்டு சக்கரத்துக்கும் சேர்த்துப் பத்து ரூபாய். மறுநாள் காய்கறிக் கடை கிட்டத்தில் வந்துவிட்டது. ஊறுகாய் தட்டுக்குத் திரும்பியது.

காற்று எங்கே போனது? கட்டுரையாளரிடம் இதற்குப் பதில் தயாராக இருந்தது: எதிர்வீட்டுத் திண்ணையில் உட்காரும் பையன்கள். சைக்கிளில் காற்றைப் பிடுங்கிவிட்டு ஓடுவது சிறுவயதில் அவரே திறம்படச் செய்த வேலை என்பதால் சந்தேகம் பலமாக இருந்தது. ஆனால் விஷயம் வேறு. ரப்பர் என்பது காற்றை முழுசாக அடைத்து வைக்கும் பொருளே அல்ல. பியூட்டைல் டியூபிலிருந்தும் காற்று கொஞ்சம் கொஞ்சமாகக் கசிந்துகொண்டே இருக்கும். முள் குத்தாமல், ஒருவர் கையும் படாமல், சும்மா நிற்கிற சைக்கிளும் சில வாரங்களில் தொய்ந்துபோகும். பந்தயக்காரர்கள் சிலர் போடும் லேட்டக்ஸ் டியூப் ஒரே ராத்திரியில் இறங்கிவிடும். தினமும் காலையில் அடித்தாக வேண்டும். ஆக, பையன்களிடம் ஒரு மன்னிப்பு பாக்கி. அதைத் தள்ளிப்போட்டுவிட்டு, காற்று எவ்வளவு என்று தானே அளந்து பார்க்க அவர் பிரஷர் கேஜ் வாங்கக் கிளம்பினார்.

பேனா மாதிரி இருந்தது. சட்டைப்பையில் செருகிக்கொண்டால் இன்ஜினியர் களை வந்தது. பஞ்சர் கடைக்காரர் அப்போதுதான் கல் மாதிரி அடித்துக் கொடுத்திருந்த டயரில் வைத்துப் பார்த்தார். பூஜ்யம். இன்னும் அழுத்தி வைத்தார். அப்போதும் பூஜ்யம்.

ஸ்கூட்டர், கார் வால்வுக்குள் ஓர் ஊசி உண்டு. கேஜ் அதை அமுக்கினால் உள்காற்று வெளியே வந்து தன் அளவைச் சொல்லும். கறுப்புச் சைக்கிளின் வால்வில் அந்த ஊசியே கிடையாது. பக்கவாட்டில் துளையிட்ட சின்னக் குழாய், அதன்மேல் இறுக்கி மாட்டிய வால்டியூப் என்ற ரப்பர் குழல், அவ்வளவுதான். பம்பு அடிக்கும்போது ரப்பர் விலகிக் காற்றை உள்ளே விடும். அடி நின்றதும் உள்காற்றே ரப்பரை அமுக்கி வழியை அடைத்துவிடும். உள்ளே போனவர் திரும்பி வந்து சேதி சொல்ல வழியில்லை. கேஜ் பிறகு வீட்டில் தயிர்க் குழம்பு கலக்கப் பயன்பட்டது என்று ஒரு வதந்தி உண்டு, அவர் மறுக்கிறார்.

வெளிநாடுகளில் இந்த வால்வுக்கு டன்லப் வால்வு என்றும் பெயர். ஜான் பாய்ட் டன்லப் பெல்ஃபாஸ்டில் இருந்த மாட்டு வைத்தியர். 1887இல் தன் மகனின் மூன்று சக்கர சைக்கிள் கல் பாவிய தெருவில் தடதடக்காமல் ஓட, காற்றடைத்த டயர் செய்து கொடுத்தார். அடுத்த வருஷமே காப்புரிமையும் வாங்கினார். ஆனால் ராபர்ட் வில்லியம் தாம்சன் என்ற ஸ்காட்லாந்துக்காரர் அதே யோசனைக்கு 1845இலேயே காப்புரிமை எடுத்து வைத்திருந்தார். டன்லப்பின் காப்புரிமை செல்லாமல் போயிற்று. அந்தக் காற்றும் இறங்கிவிட்டது.

கட்டுரையாளர் மனம் தளரவில்லை. மகளின் கியர் சைக்கிளில் இருப்பது கார் வால்வு. அதை ஒரு பெட்ரோல் பங்குக்குத் தள்ளிக்கொண்டு போனார். காற்றடிக்கும் இளைஞர் கார் டயருக்கு அடிக்கும் கையோடு குழாயைச் செருகிவிட்டு, பின்னால் வந்த வேனைப் பார்த்து "கொஞ்சம் தள்ளி நிறுத்துண்ணே" என்றார். அந்த ஒரு வாக்கியம் முடிவதற்குள் டமார்! வரிசையில் நின்றவர்கள் குனிந்தார்கள், ஒரு நாய் சாலையைத் தாண்டி ஓடியது. கார் டயருக்குப் பக்கத்தில் சைக்கிள் டியூப் ஒரு டம்ளர்; வாளியை நிரப்பும் குழாயை அதில் திறந்தால் இதுதான் கதி. அன்று மகள் அப்பாவோடு பேசவில்லை.

சரியான அளவுதான் எது? டயரின் விலாவில் புடைப்பாக எழுதியிருக்கும் என்றார்கள். விடிகாலையில் டார்ச்சும் மூக்குக்கண்ணாடியுமாகச் சைக்கிள் முன் மண்டியிட்டு அவர் படித்துக்கொண்டிருந்தபோது, "ஆயுதபூஜைக்கு இன்னும் நாள் கெடக்கே" என்று பக்கத்து வீட்டு அம்மா விசாரித்துவிட்டுப் போனார். எழுதியிருப்பதோ டயர் தாங்கும் எல்லை. ஓட்டுபவர் ஒல்லியா, உருண்டையா என்பது டயர் கம்பெனிக்கு எப்படித் தெரியும்?

அப்புறம் கணக்கில் இறங்கினார். பிஎஸ்ஐ என்பது ஒரு சதுர அங்குலத்துக்கு இத்தனை பவுண்டு என்ற அளவு. சைக்கிள் 20 கிலோ, அவர் 84 கிலோ. ஆக மொத்தம் 229 பவுண்டு. டயரில் 40 பிஎஸ்ஐ இருந்தால், அத்தனை எடையும் ஏறக்குறைய 5¾ சதுர அங்குல ரப்பர்மேல் உட்கார்ந்திருக்கிறது. இரண்டு சக்கரத்துக்கும் சேர்த்து இரண்டு தீப்பெட்டிப் பரப்பு! காற்று 20க்கு இறங்கினால் நான்கு தீப்பெட்டி. அந்த உபரி ரப்பரை நசுக்கி நசுக்கி நிமிர்த்தத்தான் அவர் மூன்று மாதம் மூச்சு வாங்கியிருக்கிறார். போதாததற்கு, பள்ளத்தில் விழும்போது டியூப் ரிம்முக்கும் ரோட்டுக்கும் நடுவில் மாட்டிக்கொள்ளும். பாம்பு கடித்தாற்போல் அக்கம்பக்கமாக இரண்டு ஓட்டை.

ஓவராக அடித்தாலும் லாபமில்லை. கரடுமுரடான ரோட்டில் கல்லாக நிற்கும் டயர் ஒவ்வொரு குழிக்கும் ஆளைத் தூக்கிப்போடும். வேகமும் அதிலேயே வீணாகும். பந்தய அணிகளே 23 மில்லிமீட்டர் டயரை விட்டு 25, 28 என்று அகலப்படுத்திக் காற்றைக் குறைத்துக்கொண்டன. ஆள் ஏறி உட்கார்ந்ததும் டயர் அதன் உயரத்தில் 15 சதவீதம் அமுங்கினால் சரி என்பது அமெரிக்கச் சைக்கிள் எழுத்தாளர் ஃபிராங்க் பெர்ட்டோ சொன்ன வழி. 4 சென்டிமீட்டர் டயரென்றால் 6 மில்லிமீட்டர். மகள் சமாதானமாகி, ஜியாமெட்ரி பாக்ஸ் ஸ்கேலோடு தரையில் படுத்து அளந்தாள். "அப்பா, மூச்சை இழுத்துப் பிடிச்சா எடை குறையாதுப்பா."

போன வாரம் கேஸ் சிலிண்டரைக் கேரியரில் கட்டிக்கொண்டு முக்குக் கடைக்குப் போனார். உள்ளே கேஸ் 14.2 கிலோ, இரும்போடு சேர்த்தால் 30 கிலோவைத் தொடும். முன் டயரை ஒரு தரம் அமுக்கிப் பார்த்துப் பம்பை எடுத்த கடைக்காரர், பின் டயருக்கு எட்டு அடி கூடுதலாகப் போட்டார்.

"எத்தனை பிஎஸ்ஐ அண்ணே வச்சீங்க?" என்று கேட்டார் கட்டுரையாளர்.

கடைக்காரர் சிலிண்டரைப் பார்த்தார். அவரை மேலிருந்து கீழே ஒருமுறை பார்த்தார். "நீங்க எத்தனை கிலோ சார்?"

"78."

கடைக்காரர் ஒன்றும் சொல்லவில்லை. பம்பை மறுபடி மாட்டி இன்னும் நாலு அடி அடித்தார்.